மஞ்சு வந்தது

என் ஆருயிர் மாப்பிள்ளை மாதையனுக்கு,

நலமா என்று கேட்டே கடிதம் ஆரம்பித்துப் பழகிவிட்டது. உன்னிடம் அதைக் கேட்க வழியில்லை. இங்கே யாரும் அவ்வளவு நலமாக இல்லை, முக்கியமாக நான்.

நீ போய்ப் பத்து மாதம் ஆகிறது. சித்திரையில் உனக்கு வருஷத் திதி. அதற்குள் உன் புத்தகம் வந்துவிட வேண்டும் என்பது ரத்னாவின் ஆசை. வராமல் போனால் அதற்குக் காரணம் அச்சகம் இல்லை, காகிதம் இல்லை, நான்தான். வந்தாலும் உன் வீட்டு வாசலில் நிற்க எனக்கு இனி முகம் இருக்குமா என்று தெரியவில்லை. நடந்ததை உன்னிடம் சொல்லிவிட வேண்டும். கவரில் போட்டு ஒட்டாமல் நாலு பேர் படிக்கிற பத்திரிகையில் எழுதுகிறேன். நாலு பேர் காதில் ஒரு பெண்ணின் பேரைப் போட்டவன் நான்தானே.

உன்னைத் தெரியாதவர்களும் படிப்பார்கள் என்பதால் கொஞ்சம் முன்னாலிருந்து சொல்கிறேன், பொறுத்துக்கொள். நீ காவேரிப்பட்டினத்துக்காரன். ஓசூர்த் தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனியில் ஸ்டோர்ஸில் வேலை பார்த்தாய். நான் அதே கம்பெனியில் குவாலிட்டி செக்‌ஷன். திருநெல்வேலிப் பக்கமிருந்து பிழைக்க வந்த எனக்கு ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு உன் வீட்டில்தான். உன் மனைவி ரத்னா கெலமங்கலத்துப் பெண். வீட்டில் தெலுங்கு, சந்தையில் கன்னடம், நம்மிடம் தமிழ். முதல் நாளே என்னை அண்ணா என்றாள். அவளுக்கு அண்ணன் ஆனதால் உனக்கு மச்சான் ஆனேன். இந்த ஊரில் எனக்குக் கிடைத்த ஒரே சொந்தம் அது.

வெளிநாட்டிலிருந்து மெஷின் வந்த மரப்பெட்டியைப் பிரித்த அன்றைக்குத்தான் உனக்கு சிக்ரூன் கிடைத்தாள். பாகங்கள் ஆடாமல் இருக்கக் கசக்கித் திணித்திருந்த காகிதங்களில் ஒன்று ஏதோ ஆங்கில இலக்கியப் பத்திரிகையின் தாள். அதில் இரண்டு சின்னக் கவிதைகள், கீழே எழுதியவர் ஐஸ்லாந்து நாட்டுக் கவி, மொழிபெயர்ப்பாளர் என்று நாலு வரி, பதிப்பகத்தின் விலாசம். மற்றவர்கள் ஆணி பிடுங்கிக்கொண்டிருந்தபோது நீ அந்தத் தாளை முழங்காலில் வைத்து நீவிக்கொண்டிருந்தாய். சூப்பர்வைசர் திட்டியது உன் காதில் விழவே இல்லை.

அன்றைக்கே "டியர் மிஸ்டர்" என்று போட்டு ஒரு கடிதம் எழுதினாய். இரண்டு மாதம் கழித்துப் பதில் வந்தது. நான் மிஸ்டர் இல்லை, பெண் என்று எழுதியிருந்தாள். எங்கள் நாட்டில் குடும்பப் பெயர் கிடையாது, என் பெயருக்குப் பின்னால் இருப்பது இன்னாரின் மகள் என்று சொல்லும் சொல்தான், டெலிபோன் புத்தகத்தில்கூட எங்களை அவரவர் பெயரில்தான் தேட வேண்டும், ஆகையால் சிக்ரூன் என்றே கூப்பிடுங்கள். நீ அதைத் தூக்கிக்கொண்டு கேன்டீனுக்கு ஓடி வந்தாய்.

"யோவ் மச்சான், நம்மளாட்டம் இனிஷியல்தான்யா. அப்பா பேரை நாம முன்னாடி போடறோம், அவங்க பின்னாடி போடறாங்க. அவ்ளோதான் வித்தியாசம்."

அதற்குப் பிறகு ஐஸ்லாந்து உனக்குப் பக்கத்துத் தாலுகா ஆகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமைகளில் அவள் கடிதங்களை எனக்கும் ரத்னாவுக்கும் வாசித்துக் காட்டுவாய். என் சித்தப்பா பிள்ளைகள் என்ன செய்கிறார்கள் என்று எனக்குத் தெரியாது, சிக்ரூன் வாழ்க்கை தெரியும். வடக்கே ஒரு மீன்பிடி ஊர். படகில் போன அப்பா ஒரு குளிர்காலத்தில் திரும்பவில்லை. பதினாறு வயதில் மீன் உறைய வைக்கும் ஆலையில் ரப்பர் பூட்ஸ் மாட்டிக்கொண்டு நின்றாள். அட்டைப் பெட்டியின் பின்புறத்தில் கவிதை எழுதினாள். பிறகு தலைநகரத்துக்குப் போய் ஸ்பானிஷ் படித்து, பள்ளிக்கூடத்தில் டீச்சர் ஆகி, பள்ளி விட்ட பிறகு ஸ்பானிஷிலிருந்தும் டேனிஷிலிருந்தும் ஆங்கிலத்திலிருந்தும் தன் பாஷைக்குக் கவிதைகளைக் கொண்டுவந்தாள். சொந்தப் புத்தகம் நாலு, மொழிபெயர்த்தது அதைப்போல மூன்று மடங்கு.

எதற்கு அடுத்தவர் கவிதைக்கு இவ்வளவு உழைப்பு என்று நீ கேட்டிருந்தாய். "எங்கள் பாஷை பேசுகிறவர்கள் கொஞ்சம் பேர். எங்களுக்காக வேறு யாரும் தூக்கிக்கொண்டு வந்து தர மாட்டார்கள்" என்று பதில் வந்தது. எங்களுக்கு ஆள் நிறைய, ஆனாலும் யாரும் தூக்கிக்கொண்டு வரவில்லையே என்று நீ சிரித்தாய். அன்றைக்குத்தான் அவளைத் தமிழுக்குக் கொண்டுவருவது என்று உட்கார்ந்தாய். அவளே தன் கவிதைகளை ஆங்கிலத்தில் ஆக்கி அனுப்புவாள், நீ ஒரு நீள நோட்டில் தமிழில் எழுதுவாய். நடுவில் உன் கவிதை இரண்டை அவள் ஐஸ்லாந்து மொழியில் போட்டாள். ஷிஃப்ட் மாறும்போது ஊதும் சங்கைப் பற்றிய கவிதையில் சங்கு என்ற சொல்லை அப்படியே வைத்துவிட்டாளாம். ஆலையில் ஊதுவதற்குக் கடலில் கிடைக்கும் பொருளின் பெயரா என்று அவளுக்கு ஆச்சரியம். அந்தச் செய்தி வந்த அன்றைக்கு நீ மூன்று பேருக்கு டீ வாங்கி மூன்றையும் நீயே குடித்தாய்.

அப்புறம் அந்தச் சித்திரை. ஃபர்ஸ்ட் ஷிஃப்டுக்குக் கம்பெனி பஸ்ஸை எதிர்பார்த்து நின்ற இடத்திலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாய். அதற்கு மேல் அதைப் பற்றி எழுத என்னால் முடியவில்லை.

காரியமெல்லாம் முடிந்து ஒரு மாதம் கழித்து ரத்னா உன் நீள நோட்டை என் கையில் கொடுத்தாள். "அண்ணா, இதைப் புஸ்தகமா ஆக்கிடுங்க. அவரு இருக்கறப்பவே போட்டிருக்கணும்" என்றாள். சிக்ரூனின் ஆங்கில மூலம், கடிதங்கள் எல்லாம் பெட்டியிலேயே இருக்கட்டும் என்றேன். அங்கேதான் முதல் தப்பு. ஒத்துப் பார்க்காமல் எந்தப் பாகத்தையும் பாஸ் பண்ணாதவன், உன் நோட்டை மட்டும் வரைபடம் இல்லாமல் செக் பண்ண உட்கார்ந்தேன்.

என் வேலை உனக்குத் தெரியும். தினமும் அடுத்தவன் செய்ததில் தப்புக் கண்டுபிடித்துச் சம்பளம் வாங்குகிறவன். ஒற்றைக் கொம்பு, இரட்டைக் கொம்பு என்று சிவப்புப் பேனாவால் திருத்திக்கொண்டே போனேன். நாற்பது பக்கம் தாண்டியதும் படகும் மீனும் கடலும் இல்லாத கவிதைகள் ஒன்பது சேர்ந்தாற்போல் வந்தன. முதலாவது இது:

மஞ்சு இன்றைக்கும் வந்தது.
கதவைத் தட்டவில்லை.
தோளில் சாய்ந்து நின்றுவிட்டுப் போனது.
சட்டை ஈரமாக இருக்கிறது.
யாரிடமும் நான் சொல்லவில்லை.

நீ சொந்தமாக எழுதி நடுவில் சொருகியவை என்று நினைத்தேன். இந்தப் பக்கத்துப் பேச்சில் பெண்பிள்ளையை "அந்தப் புள்ள வந்துச்சு" என்றுதான் சொல்வார்கள். ரத்னாவைக் கேட்டால் நீயே "அது கோயிலுக்குப் போயிருக்குது" என்பாய். அந்தப் பழக்கம் எழுத்திலும் ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது, இலக்கணப் பிழை என்று முடிவு கட்டினேன். "வந்தது" என்று இருந்த இடத்திலெல்லாம் அடித்து "வந்தாள்" என்று எழுதினேன். போனது, போனாள். நின்றது, நின்றாள். ஒன்பது கவிதையையும் முடித்துவிட்டுப் பேனாவை மூடிய பிறகுதான் என்ன திருத்தியிருக்கிறேன் என்று உறைத்தது.

யார் இந்த மஞ்சு?

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். நீ ஓவர்டைம் பார்த்த நாட்களெல்லாம் ஞாபகம் வந்தன. கிருஷ்ணகிரிக்குத் தனியாகப் போய்வந்த இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள் வந்தன. நம் கம்பெனி டெலிபோன் போர்டில் இருக்கும் மஞ்சுளா என்கிற பெண் வந்தாள். ஒருநாள் பஸ் நிற்கும் இடத்தில் அவளிடம், மாதையனைத் தெரியுமா என்று கேட்டே விட்டேன்.

"ஸ்டோர்ஸ் சாரா? நல்ல மனுசன் சார். ஏன் கேக்கறீங்க?"

"சும்மாத்தான்."

"செத்துப் போனவரைப் பத்தி சும்மா யாராச்சும் கேப்பாங்களா சார்?"

பக்கத்தில் நின்ற இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். அடுத்த வாரம் கேன்டீனில் ஒருவன் என்னிடம் வந்து, மாதையனுக்கும் போர்டு பொண்ணுக்கும் என்னவாம் என்று கேட்டான். இல்லை என்று ஒரே சொல்லில் முடித்திருக்கலாம். நான் எதுவும் பேசாமல் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அது ஆமாம் என்பதைவிட மோசம். அதற்குப் பிறகு அந்தப் பெண் கேன்டீனுக்கு வருவதை நிறுத்திவிட்டாள்.

ரத்னா ஞாயிற்றுக்கிழமைதோறும் கேட்பாள், "புஸ்தகம் எந்த மட்டுல இருக்குதுண்ணா?" அச்சகத்தில் எழுத்துப் பற்றாக்குறை என்பேன். அச்சுக் கோர்க்கிற கம்பாசிட்டருக்கு அம்மை என்பேன். அந்த ஒன்பதையும் எடுத்துவிடலாமா என்று யோசித்தேன். எடுத்தால் உனக்குத் துரோகம், போட்டால் அவளுக்கு. அவள் வைத்த களியை விழுங்கிக்கொண்டு அவள் முகத்தைப் பார்க்காமல் ஆறு மாதம் ஓட்டினேன். அவள் பாவம் என்று நினைத்தேன். உன் மேல் கோபம்கூட வந்தது, மறைப்பானேன். உன் படத்துக்கு முன்னால் நின்று, "இப்படிச் செய்யலாமாடே" என்று மனதுக்குள் கேட்டிருக்கிறேன்.

ஐப்பசியில் ரத்னா, "அந்த ஊரம்மாவுக்கு இன்னும் சேதி சொல்லலியேண்ணா" என்றாள். சிக்ரூனுக்கு என் ஓட்டை ஆங்கிலத்தில் எழுதினேன். நீ போனதைச் சொன்னேன். முடிக்கும் இடத்தில் கை சும்மா இருக்கவில்லை. மஞ்சு என்ற பெண்ணைப் பற்றி மாதையன் உங்களிடம் ஏதாவது சொன்னதுண்டா, தயவுசெய்து அவர் மனைவிக்குத் தெரிய வேண்டாம் என்று இரண்டு வரி சேர்த்துவிட்டேன். ரத்னா கவரை வாங்கி ஒட்டி, அனுப்புநர் இடத்தில் உன் பழைய கவரைப் பார்த்து உன் வீட்டு விலாசத்தையே எழுதித் தபாலில் போட்டுவிட்டாள். எனக்கு அது தெரிந்தது மறுநாள்தான். பதில் அந்த வீட்டுக்குத்தான் வரும்.

மார்கழியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஃபர்ஸ்ட் ஷிஃப்டுக்கு யாருக்கோ பதிலாகப் போக வேண்டியிருந்ததால் காலையிலேயே உன் வீட்டுக்குப் போய் டீ மட்டும் குடித்துவிட்டுக் கிளம்பினேன். சைக்கிளை எடுக்கும்போது ரத்னா வாசலில் நின்று சொன்னாள், "இருந்து போங்கண்ணா. இன்னைக்கு மஞ்சு ஜாஸ்தி. எதுக்கால லாரி வந்தாக்கூடத் தெரியாது."

"என்ன ஜாஸ்தி?"

"மஞ்சு. அதோ எறங்கி நிக்குதே." தெருவைக் கையால் காட்டினாள். எதிர்வீடு இருந்த இடத்தில் எதிர்வீடு இல்லை, வெள்ளையாகப் பனிமூட்டம். "நீங்க என்ன சொல்வீங்க இதை? அவருகூட இந்தப் பேரைக் கேட்டு மொதல்ல சிரிச்சாரு. அப்புறம் ஒருநாள் நல்லாருக்குதுன்னு நோட்டுல எழுதிக்கினாரு."

சைக்கிளைப் பிடித்தபடி நின்றேன். பத்து வருஷம் இந்த ஊரில் இருந்தும் அந்தச் சொல் என் காதில் விழவில்லை, விழுந்திருந்தால் யாரோ ஒரு பெண்ணின் பெயர் என்று விட்டிருப்பேன். மஞ்சு என்றால் மேகம் என்று பள்ளிக்கூடத்தில் உருப்போட்டது அப்போதுதான் தலைக்கு ஏறியது. நீ என்னோடு சண்டை போட்டதும் ஞாபகம் வந்தது. விழுந்து கிடக்கும் பனிக்கும் காற்றில் தொங்கும் பனிக்கும் உங்கள் பாஷையில் ஒரே சொல்லா என்று சிக்ரூன் கவலைப்பட்டுக் கேட்டிருந்தாள். அப்பாவின் படகை மறைத்தது ஒன்று, அம்மாவின் கல்லறை மேல் விழுவது இன்னொன்று, இரண்டும் பனி என்றால் என் கவிதை என்ன ஆகும் என்று எழுதியிருந்தாள். மூடுபனி என்று போட்டுத் தொலையேன் என்றேன் நான். "அது ரேடியோ நியூஸ்ல வர்ற வார்த்தைய்யா. அவங்க வாசப்படில வந்து குந்தறதைக் கேக்கறாங்க" என்றாய். அதற்குப் பிறகு எப்படித் தீர்த்தாய் என்று நான் கேட்கவே இல்லை.

நிம்மதி வந்திருக்க வேண்டும். ஒரு நிமிஷம் வந்தது. அடுத்த நிமிஷம் எல்லாப் பயமும் இடம் மாறி என் மேல் ஏறிக்கொண்டது. போடுவதா எடுப்பதா என்று முடிவு செய்யாமலே நான் திருத்திக் கொடுத்திருந்த நோட்டிலிருந்து அச்சகத்தில் ஒரு ஃபாரம், பதினாறு பக்கம், "வந்தாள் வந்தாள்" என்று அச்சாகிக் காய்ந்துகொண்டிருந்தது. கம்பெனியில் ஒரு பெண் தலைகுனிந்து நடந்துகொண்டிருந்தாள். சிக்ரூனின் பதில் எந்தக் கப்பலில், எந்த விமானத்தில் வந்துகொண்டிருந்ததோ. மறுவாரம் தபால்காரரை வழியில் மறித்து, அந்த வீட்டுக்கு வெளிநாட்டுக் கடிதம் வந்தால் என்னிடம் கொடுங்கள் என்றேன்.

"அந்தம்மா லெட்டரை உங்ககிட்ட எப்படிக் குடுக்கறதுங்க? நீங்க அவங்களுக்கு என்ன வேணும்?"

"அண்ணன்."

"அப்ப என்னாத்துக்கு ரோட்டுல வாங்கணும்? வீட்டுலயே வாங்கிக்கோங்க."

போன ஞாயிற்றுக்கிழமை வீட்டிலேயே வாங்கிக்கொண்டேன். ரத்னா கவரைப் பிரிக்காமல் வைத்திருந்தாள். "நீங்கதான் படிச்சுச் சொல்லணும்" என்று எதிரில் உட்கார்ந்தாள். ஆங்கிலத்தை மனதில் படித்துத் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். செய்தி கேட்டு அழுததாக எழுதியிருந்தாள். உன் சங்குக் கவிதையைத் தன் ஊர் நூலகத்தில் வாசித்தாளாம், பழைய மீன் ஆலைக்காரர்கள் வந்து கேட்டார்களாம். ரத்னா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அடுத்த பாரா "நீங்கள் கேட்டிருந்தீர்கள்" என்று ஆரம்பித்தது.

நிறுத்தினேன். அவளுக்கு ஆங்கிலம் தெரியாது. நாலு வரியைத் தாண்டிக் கீழே இறங்கிவிட்டால் போதும், யாருக்கும் தெரியப் போவதில்லை. மாப்பிள்ளை, சத்தியமாகத் தாண்டத்தான் பார்த்தேன். கண் கீழே போய்விட்டது. ஒரு சொல் அகப்படவில்லை என்று மாதக்கணக்கில் அதைத் தாண்டாமல் உட்கார்ந்திருந்தவன் வீட்டில் உட்கார்ந்துகொண்டு நான் எப்படித் தாண்டுவது? திரும்ப மேலே வந்து, இருந்ததை இருந்தபடி சொன்னேன்.

"மஞ்சு என்ற பெண் உண்டா என்று கேட்டிருந்தீர்கள், மனைவிக்குத் தெரிய வேண்டாம் என்றும் எழுதியிருந்தீர்கள். எனக்குத் தெரிந்த மஞ்சு ஒன்றுதான், காற்றில் தொங்குவது. எங்கள் பாஷையில் அது பெண்பால். அதனால் நான் அவள் வந்தாள் என்று எழுதியிருந்தேன். உங்கள் நண்பர் யோசித்து எழுதினார்: எங்கள் எழுத்தில் அது அஃறிணை, ஆனால் என் மனைவி வீட்டுப் பேச்சில் பெண்ணையும் அப்படித்தான் சொல்வார்கள், ஆகையால் வந்தது என்றே போடுகிறேன், கேட்கிறவர்களுக்கு இரண்டும் கேட்கும் என்று. அந்தச் சொல்லையும் மனைவிதான் கொடுத்தார் என்றார். அந்த அம்மாளின் பெயரும் புத்தகத்தில் வரும் அல்லவா?"

நீ எவ்வளவு யோசித்து வைத்ததை நான் பிழை என்று அடித்திருக்கிறேன். ரத்னா என்னைப் பார்த்துக் கேட்டாள்.

"நீங்க நம்பினீங்களாண்ணா?"

"ஆமாம்மா."

"எத்தினி நாளா?"

"ஆறு மாசமா."

"ஆறு மாசமா அதை நெனச்சுக்கினே இங்க வந்து சாப்புட்டீங்க." குரல் உயரவில்லை. "எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருந்தா அன்னைக்கே சொல்லியிருப்பேனே."

அவள் முந்தானையைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"மீதி என்ன எழுதியிருக்குது? படிங்க சார்."

சார். பத்து வருஷத்தில் அவள் வாயிலிருந்து அந்தச் சொல் என்னைப் பார்த்து வந்ததில்லை. மீதியைப் படித்தேன். என்ன படித்தேன் என்று நினைவில்லை. கடிதத்தை வாங்கி மடித்து உள்ளே வைத்தாள். சாப்பிடச் சொல்லவில்லை, போகவும் சொல்லவில்லை. நானாக எழுந்து வந்தேன்.

மறுநாள் டெலிபோன் போர்டு அறைக்குப் போய் மஞ்சுளாவிடம் எல்லாவற்றையும் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். "கேன்டீன்ல வெச்சுச் சொல்லுங்க சார், எல்லாரும் இருக்கறப்ப" என்றது அந்தப் பெண். சொன்னேன். சிலர் சிரித்தார்கள். சிரிக்கட்டும். அச்சான ஃபாரத்தைக் கழித்துவிட்டுப் புதிதாகக் கோர்க்கச் சொல்லிவிட்டேன். அச்சகத்துக்காரர், "வந்தாள்னாதான சார் தமிழ்ல சரி?" என்று என்னிடமே கேட்டார். அவரிடம் உட்கார்ந்து முழுக்கதையும் சொல்ல வேண்டியதாயிற்று.

ரத்னா என்ன நினைக்கிறாள் என்று தெரியவில்லை. அந்தக் கவிதைகளை அவள் இன்னும் ஒருமுறைகூடக் கேட்டதில்லை என்பதும் இப்போதுதான் எனக்கு உறைக்கிறது. கடிதங்களை வாசித்துக் காட்டினாய், இவற்றை ஏன் காட்டவில்லை? புத்தகமாக வந்த பிறகு கொடுக்கலாம் என்று இருந்தாயா? இல்லை, உனக்கும் என்னைப் போலக் கேட்கத் தயக்கமா?

ஒன்று மட்டும் சொல்கிறேன். ஒன்பது கவிதையிலும் நீ எழுதிய சொல் நீ எழுதியபடியே வரும். முதல் பக்கத்தில் சிக்ரூன் பெயர், உன் பெயர், அவற்றோடு ரத்னா பெயர். உன் திதிக்கு முதல் பிரதியை நானே கொண்டுபோவேன். உள்ளே கூப்பிட்டால் அந்த ஒன்பதையும் வாசித்துக் காட்டுவேன், எந்தச் சொல் சரியில்லை என்றாலும் அடுத்த பதிப்பில் அவள் சொல்கிறபடி மாற்றுவேன். கூப்பிடாவிட்டால் வாசலில் வைத்துவிட்டு, அடுத்த ஞாயிற்றுக்கிழமையும் வந்து நிற்பேன்.

கையெழுத்துப் போடும் இடத்துக்கு வந்ததும் பேனா நின்றுவிட்டது. நான் உனக்கு மச்சான் ஆனது அவள் என்னை அண்ணா என்றதால். அவள் அதைத் திரும்ப வாங்கிக்கொண்டால் உனக்கு நான் யார்? மச்சான் என்று போடலாமா என்று அவளைத்தான் கேட்க வேண்டும், கேட்கத் தைரியம் வரவில்லை. அவளைக் கேட்காமல் நான் எழுதும் கடைசி வார்த்தையாக இது இருக்கட்டும்.

உன் மச்சான்,
சுடலைமுத்து